ஜாமீன் யாருக்கு? ஜெயில் யாருக்கு?

(குடிகாட்டில் நடந்த போராட்ட விளக்கக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



சிப்காட் ஆலைகளுக்குப் பக்கத்திலேயே குடியிருக்கிற குடிகாட்டு மக்களுக்குப் போராட்டம் புதுசு இல்லை. போராட்டம்னா வழக்கு வரும். வழக்கு வந்தா ஜாமீன் பேச்சு வரும். "கொலை வழக்குல உள்ளவனே வெளியே வந்துட்டான், மறியல் பண்ணினவன் உள்ளே கிடக்கிறானே, இது என்ன நியாயம்?" என்று கேட்கிறீர்கள். நியாயமான கேள்வி.

ஜாமீன் என்பது விடுதலை அல்ல. வழக்கு முடியும்வரை வெளியே இருக்க அனுமதி, அவ்வளவுதான். கடுமையான வழக்கில் நீதிமன்றம் எதைப் பார்க்க வேண்டும்? குற்றம் எவ்வளவு பெரிது, முதல்கட்ட ஆதாரம் இருக்கிறதா, ஆள் ஓடிவிடுவாரா, சாட்சியை மிரட்டுவாரா. ஆளுடைய செல்வாக்கைப் பார்த்தால், சாட்சியைக் கலைக்கிற பலம் இருக்கிறதா என்றுதான் பார்க்கணும். சலுகை கொடுப்பதற்காக அல்ல.

லக்கிம்பூர் கேரியை நாம் மறந்துவிடவில்லை. 2021 அக்டோபர் 3 அன்று உத்தரப்பிரதேசத்தில், போராடிவிட்டுத் திரும்பிய விவசாயிகள் மீது கார் ஏறியது. 4 விவசாயிகள், ஒரு பத்திரிகையாளர் உட்பட அன்று 8 பேர் செத்தார்கள். அப்போது மத்திய உள்துறை இணை அமைச்சராக இருந்த அஜய் மிஸ்ராவின் மகன் ஆசிஷ் மிஸ்ரா கொலை வழக்கில் கைதானார். நாலே மாதத்தில், 2022 பிப்ரவரி 10 அன்று, அலகாபாத் உயர்நீதிமன்றம் ஜாமீன் கொடுத்தது. குண்டுக் காயம் இல்லை என்பதையெல்லாம் காரணமாகச் சொன்னது. செத்தவர்கள் தரப்பு வழக்கறிஞரின் இணைய இணைப்பு விசாரணையின்போதே அறுந்துபோனது. அவர்கள் பேச்சு எடுபடவே இல்லை.

அந்தக் குடும்பங்கள் விட்டார்களா? உச்சநீதிமன்றம் போனார்கள். 2022 ஏப்ரல் 18 அன்று அந்த ஜாமீன் ரத்தானது. பாதிக்கப்பட்டவர் சும்மா வேடிக்கை பார்க்கிறவர் இல்லை, வழக்கின் ஒவ்வொரு கட்டத்திலும் அவரைக் கேட்க வேண்டும் என்று தீர்ப்பு வந்தது. இது நமக்குக் கிடைத்த ஆயுதம், தோழர்களே!

கதை அங்கே முடியவில்லை. 2023 ஜனவரியில் அதே உச்சநீதிமன்றம் இடைக்கால ஜாமீன் தந்தது; 2024 ஜூலையில் அதை நிரந்தரமாக்கியது. நமக்கு வயிறு எரியுதுதான். ஆனால் அதே நாளில், அதே உத்தரவில், எதிர்வழக்கில் சிறையிலிருந்த 4 விவசாயிகளுக்கும் ஜாமீன் கிடைத்தது. விசாரணை இழுத்துக்கொண்டே போகும்போது யாரையும் தீர்ப்பில்லாமல் அடைத்து வைக்கக் கூடாது. ஒருத்தருக்கும் ஜாமீன் கூடாது என்பதல்ல நம் வாதம். தராசு எல்லோருக்கும் ஒன்றாக இருக்கணும் என்பதுதான்.

நம் தமிழ்நாட்டில் என்ன நடந்தது? 2023 நவம்பரில் செய்யாறு பக்கம் மேல்மாவில், சிப்காட்டுக்கு நிலம் தரமாட்டோம் என்ற 7 பேர் மீது குண்டர் சட்டம் பாய்ந்தது. 1982-ஆம் ஆண்டுச் சட்டம் அது. வழக்கில் ஜாமீன் கிடைத்தாலும் ஓராண்டு வரை உள்ளே வைக்கலாம். ஊரே கொதித்த பிறகு, சில நாளிலேயே 6 பேர் மீதான உத்தரவை அரசு திரும்பப் பெற்றது. நிலத்தைக் காப்பாற்றுகிறவன் குண்டரா?

இனி நாம் தெரிஞ்சுக்க வேண்டியது. கோர்ட் முதலில் ரிமாண்ட் செய்த நாளிலிருந்து 60 நாளுக்குள், ஆயுள் அல்லது 10 வருடத்துக்குக் குறையாத தண்டனைக்குரிய பெரிய குற்றமானால் 90 நாளுக்குள், போலீஸ் குற்றப்பத்திரிகை போடணும். போடலைன்னா ஜாமீன் நம் உரிமை. ஆனால் தானாகக் கதவு திறக்காது. குற்றப்பத்திரிகை வருவதற்கு முன்னாடியே மனு போடணும். கொலை போன்ற வழக்கு என்றால் மாஜிஸ்திரேட் பெரும்பாலும் தரமாட்டார். செஷன்ஸ் கோர்ட், அதற்கு மேல் உயர்நீதிமன்றம். ஜாமீன் தொகை எட்டாத அளவுக்கு இருந்தால் குறைக்கச் சொல்லிக் கேளுங்கள். ஒரு கொத்தனாரிடம் 10,000 ரூபாய் ஜாமீன் கேட்டதை 1978-லேயே நீதிபதி கிருஷ்ணய்யர் கண்டித்திருக்கிறார்.

பாதிக்கப்பட்டவர் நாமாக இருந்தால், எதிரியின் ஜாமீன் மனு எப்போது வருகிறது என்று விசாரித்து, வழக்கறிஞரோடு போய் நிற்கணும். சாட்சியை மிரட்டினால் எழுதிக் கொடுத்து, ஜாமீனை ரத்து செய்யக் கேட்கணும்.

எனவே கோருகிறோம்:

போராடும் விவசாயிகள் மீது குண்டர் சட்டத்தை ஏவாதே!
பாதிக்கப்பட்ட குடும்பத்தைக் கேட்காமல் ஜாமீன் வழங்காதே!
ஏழைக்கு எட்டாத ஜாமீன் தொகையைத் திணிக்காதே!

ஊர் கூடி நின்றால் தனியாளாக யாரும் கோர்ட் படியேற வேண்டியதில்லை. ஒன்றுபடுவோம்! போராடுவோம்! வெற்றி பெறுவோம்!