வழக்கு முடியும்வரை காத்திருக்க வேண்டியதில்லை
(மாதர் கிளைக் கூட்டத்தில் நிகழ்த்தப்பட்ட உரை)



நாட்சம்பளம், கொழுந்து நிறை, வேலை நாள் என்று எத்தனையோ விடயங்களை நாம் கூட்டங்களில் பேசுகிறோம். புருஷன் பெண்சாதி பிரிந்தால் மட்டும் "அது குடும்ப விசயம்" என்று ஒதுங்கிவிடுகிறோம். ஆனால் சங்கக் காரியாலயத்துக்கு வரும் பெண்கள் கேட்கிற கேள்வி இது: "விவாகரத்து வழக்கு நடக்குது. தவணை மேல தவணை போடுறாங்க. அது முடியிற வரைக்கும் புள்ளைகளுக்கு யாரு சோறு போடுறது?"

வழக்கு முடியும்வரை காத்திருக்கத் தேவையில்லை என்பதே எங்கள் பதில். அதற்குச் சட்டத்தில் இரண்டு வழிகள் இருக்கின்றன.

முதலாவது, விவாகரத்து வழக்கு நடக்கும் மாவட்ட நீதிமன்றம். வழக்கைப் போட்டது கணவனா மனைவியா என்பது முக்கியமில்லை. வழக்கு நடக்கும் காலத்துக்குத் தாபரிப்புப் பணம் வேண்டும் என்று அதே நீதிமன்றத்தில் மனுக் கொடுக்கலாம். பிள்ளைகள் யாரிடம் இருப்பது, அவர்களின் சாப்பாட்டுக்கும் படிப்புக்கும் யார் கொடுப்பது என்பதற்கும் இடைக்காலக் கட்டளை கேட்கலாம். குற்றம் யார் பக்கம் என்று தீர்ப்பாகும்வரை இது காத்திருக்காது.

இரண்டாவது, நீதவான் நீதிமன்றம். 1999ஆம் ஆண்டின் 37ஆம் இலக்கப் பராமரிப்புச் சட்டத்தின் கீழ் அங்கே விண்ணப்பிக்கலாம். இதற்கு விவாகரத்து வழக்கே இருக்க வேண்டியதில்லை. வசதியிருந்தும் கொடுக்காமல் கைவிட்டார் என்று காட்ட வேண்டும். இறுதிக் கட்டளைக்கு முன் இடைக்காலக் கட்டளையும் கேட்கலாம். கோயிலில் தாலி கட்டி, பதிவு செய்யாமல் வாழ்ந்தவர்கள் நம் தோட்டங்களில் இருக்கிறார்கள். கலியாணம் பதியப்படவில்லை என்பதற்காகப் பிள்ளையின் உரிமை போய்விடாது. தகப்பன் யார் என்று நிரூபித்தால் பிள்ளைக்குக் கேட்கலாம்.

உங்கள் நிலைமைக்கு எந்த வழி பொருத்தம் என்று சட்டத்தரணியிடம் கேட்டு முடிவெடுப்போம். காசில்லை என்று தயங்க வேண்டாம். வருமானம் குறைந்தவர்களுக்குச் சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது.

இனி, லயத்தில் அடிக்கடி கேட்கிற சில பேச்சுகள்.

"நீயும்தானே மலைக்குப் போய்ச் சம்பளம் வாங்குறாய்?" என்பார்கள். மனைவி தனக்காகக் கேட்கும்போது அவளுடைய வருமானத்தை நீதிமன்றம் பார்க்கும், உண்மை. ஆனால் பிள்ளைக்கான பணம் வேறு. தாய் கொழுந்து எடுக்கிறாள் என்பதால் தகப்பனின் பொறுப்பு தீர்ந்துவிடாது.

"ரெண்டு பேரும் விருப்பத்தோட பிரிஞ்சோம்னு எழுதிக் கையெழுத்துப் போட்டுட்டா பிரச்சினை முடிஞ்சிடும்" என்றும் சொல்வார்கள். இங்கேதான் மிகக் கவனம் வேண்டும். இருவரும் சம்மதித்துப் பிரிந்து வாழ்ந்தால், பராமரிப்புச் சட்டத்தின்படி மனைவி தனக்கென்று பணம் கேட்க முடியாது. அடி தாங்காமல் தாய் வீட்டுக்குப் போனவள், கைவிடப்பட்டவள், இப்படி ஒரு கடிதத்தில் கையெழுத்து வைத்தால் தன் வழக்கைத் தானே கெடுத்துக்கொள்கிறாள். வாசித்து விளங்காத கடிதம் எதிலும் கையெழுத்து வைக்காதீர்கள். தலைவர்மாரும் அப்படி எழுதி வாங்காதீர்கள்.

"அவன் கொழும்புக்குப் போயிட்டான், சம்பளச் சீட்டு இல்லையே" என்று கைவிட்டுவிடாதீர்கள். எந்தக் கடையில் வேலை, முன்பு எவ்வளவு அனுப்பினார், எந்த வங்கிக்கு அனுப்பினார் என்பதை எழுதி வையுங்கள். விவாகச் சான்றிதழ், பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ், உங்கள் சம்பளச் சீட்டு, பள்ளிக்கூடச் செலவு, மருந்துத் துண்டு, கடன் எழுதிய கடைக் கொப்பி எல்லாவற்றையும் ஒரே பையில் போட்டு வையுங்கள். மாதம் எவ்வளவு தேவை என்று கணக்கோடு கேட்டால்தான் நீதிமன்றம் எங்கள் நிலைமையை விளங்கிக்கொள்ளும்.

கட்டளை கிடைத்தும் பணம் வராவிட்டால்? நீதிமன்றத்துக்கு உடனே அறிவிக்க வேண்டும். சம்பளத்திலிருந்து கழித்துக் கொடுக்கும்படி வேலை கொடுப்பவருக்கு நீதிமன்றம் கட்டளையிடலாம். கொடுக்காமல் ஏய்த்தால் சிறையும் உண்டு. அப்படியொரு கட்டளை தோட்டத்துக்கு வந்தால், அது ஆபீஸ் மேசையில் கிடந்துவிடாமல் பார்ப்பது சங்கத்தின் வேலை.

இதில் எங்களுக்கு ஒரு சங்கடமும் உண்டு. கணவனும் சந்தா கட்டும் அங்கத்தவர், மனைவியும் சந்தா கட்டும் அங்கத்தவர். சங்கம் யார் பக்கம் என்று கேட்கிறார்கள். யார் குற்றவாளி என்று தீர்ப்புச் சொல்வது எங்கள் வேலையில்லை. பிள்ளை பசியோடு பள்ளிக்கூடம் போகக் கூடாது என்பதில் மட்டும் இரண்டு பக்கம் கிடையாது. ஆண் தோழர்களுக்கும் ஒன்று சொல்கிறோம். கொடுக்கும் பணத்தை வங்கி மூலமோ நீதிமன்றத்திலோ கட்டிப் பற்றுச்சீட்டு வாங்குங்கள். கையில் கொடுத்த காசுக்குச் சாட்சி இருக்காது.

தலைவர், தலைவிமாரே, இனி ஒரு பெண் வந்து கேட்டால் "வழக்கு முடியட்டும் பார்ப்போம்" என்று திருப்பி அனுப்பாதீர்கள். அவளுடைய பத்திரங்களைச் சேர்த்து, அதே வாரத்தில் சட்டத்தரணியிடம் கூட்டிப் போங்கள். அடுத்த தவணைக்குத் தனியாக அனுப்பாமல் மாதர் கிளையிலிருந்து ஒருவர் கூடப் போங்கள்.