கூட்டுறவுத் தேர்தல்: பெட்டி வருமுன் விழித்திருப்போம்!



கடன் சுமையிலிருந்து ஏழை விவசாயியை மீட்கவே 1904இல் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் வந்தது. பங்குத் தொகை எவ்வளவு போட்டிருந்தாலும் ஒருவருக்கு ஒரே வாக்கு. அதுதான் கூட்டுறவின் உயிர். கூட்டுறவுச் சங்கம் அமைப்பதை அடிப்படை உரிமையாகவே ஆக்கியது, 2011இல் நிறைவேறிய 97ஆவது அரசியல் சட்டத் திருத்தம்.

ஆனால் 2018இல் தமிழகத்தில் நடந்ததென்ன? பல ஊர்களில் வேட்புமனு கொடுக்கும் நாளிலேயே தள்ளுமுள்ளு. 'போட்டியின்றித் தேர்வு' என்ற அறிவிப்பு. பிறகு நீதிமன்றத்தில் வழக்குகள். வாக்குப்பெட்டி வருமுன்பே தேர்தல் முடிந்துவிட்டது!

ஆகவே விழிப்பு முன்கூட்டியே வேண்டும். உறுப்பினர் பட்டியலில் உங்கள் பெயர் இருக்கிறதா? இறந்தவர்களின் பெயர் நீக்கப்பட்டுள்ளதா? இன்றே பாருங்கள். குறை இருந்தால் எழுத்து மூலம் ஆட்சேபம் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். மனுவை வாங்க மறுத்தால் கை ஓங்காதீர்கள். மாநிலக் கூட்டுறவுத் தேர்தல் ஆணையத்துக்குப் புகார் அனுப்புங்கள்.

இளைஞர்களே! கலவரத்தால் தேர்தல் நின்றால் யாருக்கு நட்டம்? நம் கைக்கு வரவேண்டிய சங்க நிர்வாகம் அதிகாரியின் கையிலேயே தங்கிவிடும். சங்கப் பணம் உறுப்பினர்கள் அனைவரின் அமானிதம். அதற்குரிய காவலரை நாமே தேர்ந்தெடுப்போம், அமைதியாக, அச்சமின்றி!