காலத்தைக் கடக்கும் தந்தி

(தமிழ்ச் சங்க ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



ஓரிடத்துச் செய்தியை மற்றோரிடத்துக்கு அனுப்பும் வழிகளை நாம் நன்கு அறிவோம். புகைவண்டித் துறையில் பணி செய்வோர்க்குத் தந்தியின் அருமையை எடுத்துச் சொல்ல வேண்டுவதில்லை. பொதுமக்களுக்கான தந்திச் சேவை 2013ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் நிறுத்தப்பட்டது. அதன் வேலையை இன்று கைப்பேசி செய்கிறது. இவையெல்லாம் தொலைவை வெல்லும் கருவிகள். காலத்தை வெல்லும் கருவி ஏதேனும் உண்டா என்பதே இன்று நான் எடுத்துக்கொண்ட பொருள்.

கதை எழுதுவோர் இத்தகைய கருவியைப் பலவாறு கற்பனை செய்துள்ளனர். பூஞ்சையைப் போன்ற ஒரு கருவி. அதனுள் இன்று ஒரு செய்தியை வைத்தால், பன்னூறு ஆண்டு உறங்கிக் கிடந்து, உரிய காலத்தில் முளைத்து அதனை உரைக்குமாம். இது கற்பனையே எனினும் இதற்கு இயற்கையில் அடிப்படை உண்டு. மழைக்குப் பின் தோன்றும் காளான் ஒரு குடை மட்டுமே. அதன் உண்மை உடல் மண்ணுக்குள் நூலிழைகளாகப் பரந்து கிடக்கிறது. குடையின் அடியிலிருந்து உதிரும் நுண்ணிய வித்துகள் காற்றில் பறந்து, ஈரம் கிடைக்கும் வரை காத்திருக்கின்றன. ஈரம் கிடைத்தால் முளைக்கும். கிடைக்காவிடில் வெறுந் தூசியே.

இத்தகைய வித்துகள் நம் கண்முன்னே, திருமலையிலேயே இருக்கின்றன என்று சொன்னால் வியப்பீர்கள்.

தாள்ளபாக்கம் அன்னமாச்சாரியார் பதினைந்தாம் நூற்றாண்டில் வேங்கடவன்மீது பாடிய தெலுங்குப் பாடல்களை, அவர் வழிவந்தோர் செப்பேடுகளில் பொறித்துக் கோயிலுக்குள் ஒரு கல்லறையில் வைத்தனர். ஓலையாயின் பூச்சிக்கும் பூஞ்சைக்கும் இரையாகும். செம்பு நிலைக்கும் என்பதை அவர்கள் அறிந்திருந்தனர். நெடுங்காலம் மறக்கப்பட்டுக் கிடந்த அவ்வேடுகள் 1922ஆம் ஆண்டளவில் அறிஞர் கவனத்துக்கு வந்தன. ஏறத்தாழ 12,000 பாடல்கள் உலகுக்குக் கிடைத்தன. ஆயினும் ஒரு குறை நேர்ந்தது. ஒவ்வொரு பாடலின் தலைப்பிலும் இராகத்தின் பெயர் இருந்ததே தவிர, அதைப் பாடும் மெட்டு எழுதப்படவில்லை. சொல் வந்து சேர்ந்தது. இசை வழியிலேயே தங்கிவிட்டது. ராள்ளபல்லி அனந்தகிருஷ்ண சர்மா முதலிய இசைவாணர்கள் புதிதாக மெட்டமைத்த பின்னரே அப்பாடல்கள் மீண்டும் மக்கள் நாவில் ஏறின.

செம்பில் தெலுங்கு காத்திருந்தது. கல்லில் தமிழ் காத்திருக்கிறது. திருமலையிலும் திருப்பதியிலும் ஆயிரத்துக்கும் மேற்பட்ட கல்வெட்டுகள் உள்ளன. அவற்றுள் மிகப் பெரும்பாலானவை தமிழ்க் கல்வெட்டுகள். சாது சுப்பிரமணிய சாஸ்திரியார் முதலியோர் அவற்றைப் படித்தெடுக்க, தேவஸ்தானம் 1931ஆம் ஆண்டு முதல் தொகுதி தொகுதியாக அச்சிட்டது. சாமவை என்னும் பல்லவர் குலத்து அரசமாதேவி பத்தாம் நூற்றாண்டில் வெள்ளித் திருமேனி ஒன்றை அளித்த செய்தி தமிழ்க் கல்வெட்டினாலேயே நமக்குத் தெரிகிறது. போக சீனிவாசர் எனப்படும் அத்திருமேனி இன்றும் வழிபாட்டில் உள்ளது.

கல்வெட்டுகள் பலவற்றின் இறுதியில் வரும் ஒரு கையெழுத்தைப் பற்றி இங்கே கூற விரும்புகிறேன். அது மன்னருடையது அன்று. கோயில் கணக்கு திருநின்ற ஊருடையான் என்பவருடைய எழுத்து. இன்னார் இவ்வளவு பணம் அளித்தார், இந்நாளில் இவ்வளவு அரிசியும் நெய்யும் அளக்க வேண்டும் என்றெல்லாம் கணக்கு எழுதி, தம் பெயரையும் பொறித்தார். பதிவேடு எழுதிப் பிழைக்கும் என் போன்றோர்க்கு அப்பெயரைக் காணும்போது நெஞ்சு நிமிர்கிறது. தமிழகக் கல்வெட்டுகளில் கொடையாளர் பலர், இவ்வறத்தைக் காப்பவர் திருவடி என் தலைமேல் என்னும் பொருள்பட முடிப்பதும் உண்டு. பிறவாத மனிதரை வணங்கி எழுதிய மடல் அது. அதைப் பெறவேண்டியவர் யார்? நாமே அல்லவா?

இம்மடலுக்கு நாம் விடை அனுப்ப இயலாது. அவர்கள் காலம் கடந்துவிட்டது. நாம் செய்யக்கூடியது ஒன்றே: படித்து, அடுத்தவர் கையில் சேர்த்தல்.

1911இல் சித்தூர் மாவட்டம் அமைந்தது. 1953இல் ஆந்திர மாநிலம் பிறந்தது. 1960இல் திருத்தணி சென்னை மாநிலத்தோடு சேர்ந்தது. 2022இல் திருப்பதி தனி மாவட்டமாயிற்று. எல்லைக் கோடுகள் இத்தனை முறை மாறியும் கல்லெழுத்து மாறவில்லை. மாறியது படிப்போர் நிலையே. நம் குடியிருப்பில் வீட்டில் தமிழ் பேசும் குழந்தைகளுள் எத்தனை பேர் தமிழ் எழுத்தைப் படிப்பர்? தெலுங்கு நமக்குச் சோறிடும் மண்ணின் மொழி. அதை அவர்கள் செம்மையாகக் கற்கட்டும். ஆங்கிலமும் இந்தியும் பிழைப்புக்கு உதவும். அவற்றோடு தமிழ் எழுத்தும் கற்பது பெருஞ் சுமையன்று.

பழங் கல்வெட்டுகள் புள்ளியின்றி, கிரந்த எழுத்தும் கலந்து இருப்பதால், இன்றைய எழுத்தை அறிந்தவர்க்கும் எளிதில் விளங்கமாட்டா. ஆனால் இன்றைய எழுத்தே முதற்படி. அப்படியில் ஏறாதவன் மேற்படிக்குச் செல்வது எங்ஙனம்?

ஆதலின் ஒரு வேண்டுகோள் விடுக்கிறேன். ஞாயிறுதோறும் ஒரு மணி நேரம் நம் சங்கத்தில் குழந்தைகளுக்குத் தமிழ் எழுத்துக் கற்பிப்போம். ஓராண்டு கழிந்ததும் அவர்களை நிலையத்துக்கு அருகிலுள்ள கோவிந்தராசர் கோயிலுக்கு அழைத்துச் சென்று, சுவரில் தெரிந்த எழுத்தைக் காட்டச் சொல்வோம். ஒரு குழந்தை ஓர் எழுத்தைத் தொட்டுக் காட்டினாலும் போதும். வித்தின்மேல் முதல் துளி விழுந்துவிட்டது என்று கொள்ளலாம்.