ஒலி யாருக்குச் சொந்தம்? – கிறிஸ்டீன் சன் கிம்

இன்னைக்கு நாம பேசப்போற கலைஞர் ஒலியை வைத்து வேலை செய்யறவங்க. பிறவியிலேயே காது கேளாதவங்க. பெயர் கிறிஸ்டீன் சன் கிம். 1980-ல் கலிஃபோர்னியாவில், கொரியாவிலிருந்து குடியேறிய குடும்பத்தில் பிறந்து, இப்போ பெர்லினில் இருக்காங்க.

காது கேட்காதவங்களுக்கு ஒலியோட என்ன வேலைன்னு தோணலாம். கதவை அடிச்சுச் சாத்தாதே, சாப்பிடும்போது சத்தம் வரக் கூடாது... சின்ன வயசிலேயே இவங்களுக்கு இப்படி ஆயிரம் கட்டுப்பாடு. தனக்கு எட்டாத ஒன்றுக்கு தினமும் பயந்து நடக்கணும். அப்போ ஒலி மற்றவங்களோட சொத்துதானே? அந்தச் சொத்தில் தன் பங்கைக் கேட்கிறதுதான் இவங்க கலைன்னு நான் நினைக்கிறேன்.

2008-ல் கலைப்பயிற்சிக்காக பெர்லின் போனாங்க. அங்கே எந்தக் கண்காட்சிக்குப் போனாலும் ஒலிக்கலைதான். அங்கேதான் ஒலி பக்கம் திரும்பினாங்க. ஆரம்பத்தில் ஸ்பீக்கர் மேல தாளை விரிச்சு, மையில் நனைச்ச தூரிகையை வைப்பாங்க. அதிர்வே படம் வரையும்.

எனக்கு ரொம்பப் பிடிச்சது 2015-ல், நியூயார்க்கில் மோமா பிஎஸ்1-ல் வைத்த ‘கேம் ஆஃப் ஸ்கில் 2.0’. தலைக்கு மேல பட்டைகள் நீளமா ஓடும். கையில் ஒரு கருவி. அது பட்டையைத் தொட்டபடியே இருக்கிற மாதிரி நாம நடக்கணும். சரியான திசை, சரியான வேகம் அமைஞ்சாத்தான் பதிவு செஞ்ச குரல் புரியும். கொஞ்சம் தடுமாறினா குரல் இழுபடும், அறுந்துபோகும். காது நல்லாக் கேட்கிறவங்க, ஒரு வாக்கியத்தை முழுசா கேட்க கழுத்து வலிக்க முன்னும் பின்னும் நடக்கிறாங்க! கேட்கிறதுக்கு உடம்பு முழுக்க உழைக்கணும் என்பது கிம்முக்கு அன்றாடம். நமக்கு அது அஞ்சு நிமிஷ விளையாட்டு.

2020 பிப்ரவரியில் மியாமியில் சூப்பர் பௌல். அமெரிக்காவோட மிகப்பெரிய விளையாட்டு மேடை. அங்கே தேசிய கீதத்தை அமெரிக்க சைகை மொழியில் நிகழ்த்தினாங்க. சைகை மொழின்னா கை மட்டும் இல்லை. புருவம், வாய், தோள் எல்லாமே அதன் இலக்கணம். ஆனா ஒளிபரப்பில் சில நொடிதான் காட்டினாங்க, அப்புறம் கேமரா ஆட்டக்காரர்கள் பக்கம் போயிடுச்சு. பாடகி பாடிக்கொண்டிருக்கும்போது மைக்கை அணைத்தால் எப்படி இருக்கும்? அதேதான் இது. மறுநாளே நியூயார்க் டைம்ஸில் தன் கோபத்தை எழுதினாங்க.

கேப்ஷன் மேலயும் இவங்களுக்கு ஒரு கண். படத்தில் பாட்டு வந்தா கீழே ‘இசை’ன்னு ஒரே சொல். சோகமா, கொண்டாட்டமா, தூரத்தில் கேட்குதா? ஒண்ணும் தெரியாது. அதனால காது கேளாத நண்பர்களையே சினிமாக் காட்சிகளுக்குக் கேப்ஷன் எழுதச் சொல்லி, ‘க்ளோஸ் ரீடிங்ஸ்’னு ஒரு படைப்பு செஞ்சாங்க. 2021-ல் மான்செஸ்டர் விழாவுக்காக ஒரு நகரத்துக்கே கேப்ஷன் போட்டாங்க, கட்டடச் சுவர்களில், பெரிய பெரிய எழுத்தில்.