தொகுப்போன் கடன்



பினாங்கு லிட்டில் இந்தியாவின் கடைத்தெரு ஓசைக்கு நடுவே, ஒரு சொல்லைப் பற்றிப் பேச வந்துள்ளோம். திரைத்துறையில் ‘எடிட்டிங்’ எனப்படுவதைத் தமிழில் ‘படத்தொகுப்பு’ என்கிறோம். தொகுத்தல் நமக்குப் பழந்தொழில். அகநானூற்றைத் தொகுத்தவர் உருத்திரசன்மர். குறுந்தொகையைத் தொகுத்தவர் பூரிக்கோ. நான்கடி முதல் எட்டடி வரை என்ற அளவை வகுத்தபோதே, நீண்ட பாடல்கள் குறுந்தொகைக்கு வெளியே நின்றன. ஆகவே, தொகுத்தல் விலக்குதலும் ஆகும்.

ஏ.கே. செட்டியார் காந்தியடிகளைப் பற்றிய ஆவணப்படத்திற்காக நாடுதோறும் அலைந்து, ஏறத்தாழ 50,000 அடிப் படச்சுருளைத் திரட்டினார். 1940இல் திரைக்கு வந்த படத்தின் நீளம் 12,000 அடி. எஞ்சியதை மட்டுமே மக்கள் கண்டனர்.

இப்பொறுப்பையே வாழ்நாள் தொழிலாகக் கொண்டவர் பி. லெனின், இயக்குநர் ஏ. பீம்சிங்கின் மைந்தர். ‘நாயகன்’ (1987) படத்தை வி.டி. விஜயனுடன் இணைந்து தொகுத்தார். ‘காதலன்’ படத்தொகுப்பிற்காக இருவரும் தேசிய விருது பெற்றனர். வணிகப் படங்களில் அத்தகைய புகழ் பெற்றவர், சமூகச் சிக்கல்களைப் பேசும் சிறிய படங்களை நாடினார். ‘நாக் அவுட்’ குறும்படத்தில், கவனிப்பாரற்று மடியும் குத்துச்சண்டை வீரரைக் காட்டினார். ஜெயகாந்தனின் படைப்பைத் தழுவிய ‘ஊருக்கு நூறு பேர்’ மரண தண்டனையைக் கேள்விக்கு உள்ளாக்கியது. 2001ஆம் ஆண்டிற்கான சிறந்த இயக்குநர் தேசிய விருதையும் அவருக்கு ஈட்டித் தந்தது. எவருடைய வாழ்க்கை திரைக்கு வராமல் விலக்கப்படுகிறது என்பதைத் தொகுப்பறையில் இருப்பவரே நன்கறிவார் போலும்.

மொழியியலாளராகிய நாமும் இதில் தவறியதுண்டு. களப்பணியில் தோட்டத்து மூதாட்டி ஒருவரின் பேச்சை எழுத்தில் வடித்தபோது, வாக்கியம் சீர்பெறட்டும் என்று அவருடைய தயக்கங்களை நீக்கினோம். பின்னர் ஒலிப்பதிவை மீண்டும் கேட்டோம். இறந்த குழந்தையைப் பற்றிச் சொல்ல வந்த இடத்தில்தான் அவர் தயங்கியிருந்தார். வாக்கியம் திருந்தியது, சாட்சியம் குறைந்தது.

மாணவர்களே, இன்று உங்கள் கைப்பேசியிலேயே படம் எடுக்கவும் தொகுக்கவும் இயலும். இத்தெருவின் பூக்கட்டுபவரையும் உங்கள் பாட்டியையும் பதிவு செய்யுங்கள். முழுப் பதிவைக் காத்து வையுங்கள். எதை நீக்கினீர்கள், ஏன் நீக்கினீர்கள் என்று எழுதி வையுங்கள். தொகுத்ததை முதலில் பேசியவருக்கே காட்டுங்கள். “நான் சொன்னது இதுதான்” என்று அவர் ஒப்பிய பின்னரே பிறர்க்குக் காட்டுங்கள். அதுவே தொகுப்போன் கடன்.