கணனி விளையாட்டிற் சரித்திரம்

சென்ற காலத்தைக் கண்முன்னே கொணர்ந்து நிறுத்த வேண்டும் என்னும் ஆசை மனித குலத்துக்கு மிகப் பழையது. புராண படனம், கூத்து, நாடகம், சரித்திர நவீனம், சினிமாப் படம் என்று ஒவ்வொரு காலமும் அவ்வாசைக்கு ஒவ்வொரு வழி கண்டது. இவை யாவற்றிலும் மக்கள் கேட்போராகவோ காண்போராகவோ இருந்தனர். கணனி விளையாட்டோ அவர்களைப் பழைய நகரமொன்றின் தெருவிலே இறக்கி, விரும்பிய திசையிற் செல்லுமாறு விட்டுவிடுகின்றது.

இத்தகைய விளையாட்டுகளுள் நெடுங்காலம் நிலைத்து நிற்பது 'அசாசின்ஸ் கிறீட்' என்னும் வரிசையாகும். 2007 ஆம் ஆண்டு தொடங்கி 2025 ஆம் ஆண்டு வரை அதில் 14 பெரும் பாகங்கள் வெளிவந்துள்ளன. பழைய ரோமாபுரியையும் ஏதென்ஸையும் பாக்தாதையும் பற்றிய முதற் சித்திரத்தை இன்று இளைஞர் பலர் பாடநூலிலன்றி இவ்விளையாட்டிலேயே பெறுகின்றனர். ஆகவே, மெய்யான சரித்திரத்துக்கும் இவ்விளையாட்டுக்கும் உள்ள உறவு யாது, அவ்வுறவு காலத்தோடு எவ்வாறு மாறி வந்தது என்று ஆராய்வது பயனுடைத்தாகும்.

கனடா நாட்டின் மொன்றியல் நகரில் யூபிசொப்ட் என்னும் பிரெஞ்சு நிறுவனத்தின் தொழிற்கூடம் ஒன்று உளது. அங்கே 2003 ஆம் ஆண்டில் பாரசீக இளவரசன் ஒருவனைக் கதாநாயகனாகக் கொண்ட விளையாட்டொன்று உருவாகி வெற்றி பெற்றது. அதனைத் தொடர்ந்து அடுத்த பாகம் ஒன்றை ஆக்க முயன்ற பத்ரிஸ் தெசிலே என்பவரும் அவர் குழுவினரும், இளவரசனைக் காக்கும் மெய்காப்பாளன் ஒருவனை நாயகனாக்கினர். இளவரசனே நாயகனாக இல்லாத கதை அவ்வரிசைக்குப் பொருந்தாது எனக் கருதப்பட்டமையால், அது தனி விளையாட்டாக மாறிற்று. சுலொவேனிய எழுத்தாளர் விளாதிமிர் பார்த்தொல் 1938 இல் வெளியிட்ட 'அலமூத்' என்னும் நவீனம் அவர்களுக்குத் தூண்டுகோலாயிற்று.

அலமூத் என்பது பாரசீகத்து மலைக்கோட்டை. நிசாரி இஸ்மாயிலியர் என்னும் இஸ்லாமியப் பிரிவினரின் தலைவரான ஹசன்-இ-சப்பா 1090 இல் அதனைக் கைப்பற்றினார். பெரும் படையில்லாத அம்மக்கள், தம்மை ஒடுக்க வந்த வலிய பகைவருட் சிலரை இரகசியமாகக் கொன்றனர் என்பது சரித்திரம். அவர்கள் மயக்க மருந்துண்டு, செயற்கையான சுவர்க்கத் தோட்டத்திலே மயங்கிக் கிடந்தனர் என்று மார்க்கோ போலோவின் பயண நூல் வாயிலாகப் பரவிய செய்தியோ கட்டுக்கதை. பர்ஹாத் தப்தரி முதலிய அறிஞர் இதனைத் தெளிவாக நிறுவியுள்ளனர். விளையாட்டின் முதற் பாகம் இவ்விரண்டுக்குமிடையே தன் கதையை நட்டது. மூன்றாம் சிலுவைப்போர் நிகழ்ந்த 1191 ஆம் ஆண்டு. யெருசலேம், டமாஸ்கஸ், ஆக்ரே என்னும் மூன்று நகரங்கள். அல்தயீர் என்னும் கற்பனை வீரன். இவையே அதன் கதைக்களம்.

கதையை நடத்த அவர்கள் கண்ட உபாயம் நூதனமானது. இக்கால மனிதன் ஒருவனை இயந்திரத்திற் கிடத்தி, அவன் குருதியில் உறங்கும் முன்னோரின் நினைவுகளை எழுப்புவதாகக் கதை செல்கின்றது. ஆடுபவர் காண்பது பழங்காலமன்று, பழங்காலத்தின் நினைவே. தவறு நேருமிடத்து நினைவு கலைந்தது என்று கூறித் தப்பிக்கொள்ளவும் இது வாய்ப்பளித்தது. தப்ப வேண்டிய இடங்களும் பல இருந்தன. டெம்பிளர் சங்கத்தின் தலைவராகிய றொபேர் த சாப்ளே, 1191 செப்டெம்பரில் நிகழ்ந்த அர்சூப் போர்க்களத்திலே அல்தயீர் கையால் மாள்வதாக விளையாட்டுக் கூறுகின்றது. மெய்யான றொபேர் அப்போருக்குப் பின்னும் உயிரோடிருந்தவர். முதற் பாகத்தைப் பொறுத்தவரை சரித்திரம் ஒரு நாடகத் திரைச்சீலை மாத்திரமே எனலாம்.

2009 இல் வந்த இரண்டாம் பாகம் இத்தாலியின் மறுமலர்ச்சிக் காலத்துக்குச் சென்றது. 1478 ஏப்ரல் 26 ஆம் நாள் புளோரன்ஸ் பேராலயத்திலே மெதிச்சி சகோதரர் மீது பாற்சி குடும்பத்தார் தாக்குதல் நடத்தினர். ஜூலியானோ மாண்டார்; லொரென்சோ உயிர் தப்பினார். இம்மெய்ச் சம்பவத்தினுள்ளே எற்சியோ என்னும் கற்பனை இளைஞன் புகுத்தப்பட்டான். லியொனார்தோ டா வின்சி அவனுக்கு நண்பரானார். இங்கே புதிய பழக்கமொன்றும் தோன்றியது. ஒரு கோபுரத்தையோ பாலத்தையோ அணுகும்போது, அது யாரால் எப்பொழுது கட்டப்பட்டது என்று கூறும் சிறு குறிப்பொன்று திறந்தது. கூரை மேல் ஓடி ஒளிய வந்தவன் புரூனெல்லெஸ்கி எழுப்பிய குவிமாடத்தைப் பற்றி வாசித்து நின்றான். திரைச்சீலையாக இருந்த நகரம் வாசிக்கத்தக்க ஏடாக மாறத் தொடங்கியது இப்பாகத்திலேதான். 2010 இல் ரோமாபுரியும், 2011 இல் கொன்ஸ்தாந்திநோபிளும் அவ்வழியே தொடர்ந்தன.

2012 இல் வந்த மூன்றாம் பாகத்திலே அமெரிக்க சுதந்திரப் போர் இடம்பெற்றது. அதன் நாயகன் மோஹாக் என்னும் பழங்குடித் தாய்க்கும் ஆங்கிலத் தந்தைக்கும் பிறந்தவன். மொன்றியலுக்கு அண்மையில் வாழும் மோஹாக் மக்களின் ஆலோசனை பெறப்பட்டது. அவர்தம் மொழியிலேயே உரையாடல்கள் பேசப்பட்டன. ஜோர்ஜ் வாஷிங்டன் விடுதலை வீரராக மாத்திரமன்றி, பழங்குடியினரின் ஊர்களை எரிக்கப் பணித்தவராகவும் காட்டப்பட்டார். 1779 இல் இரோக்வா கிராமங்களை அழிக்க அவர் படை அனுப்பியது மெய். வென்றவர் எழுதிய கதையைத் தோற்றவர் பக்கத்திலிருந்து நோக்கும் இவ்வழக்கம், 2013 இல் வந்த கடற்கொள்ளைக்காரர் கதையின் துணைப்பாகத்திலே அடிமைகளின் விடுதலையைப் பேசுமளவுக்கு விரிந்தது.

ஆயினும், 2009 முதல் ஆண்டுதோறும் ஒரு பாகம் தவறாது வெளிவரல் வேண்டும் என்னும் வணிக நியதி தன் விலையைக் கேட்டது. 2014 இல் பிரெஞ்சுப் புரட்சியைப் பொருளாகக் கொண்ட பாகம் பிழைகள் மலிந்து வெளிவந்தது. நிறுவனம் மன்னிப்புக் கேட்டு, துணைப்பாகம் ஒன்றை இலவசமாக வழங்கிற்று. பிரெஞ்சு அரசியல்வாதி ஜோன்-லூக் மெலான்ஷோன், றொபெஸ்பியர் கொடியவனாகச் சித்திரிக்கப்பட்டதைக் கண்டித்தார்.

அவர் கண்டனத்தினும் ஆழமான குறை ஒன்று அங்கே உளது. 1788 ஜூலையிலே பெருங் கன்மழை பொழிந்து பிரான்சின் பயிரை அழித்தது. மறு ஆண்டு பாணின் விலை ஏறியது. அரசின் கருவூலமோ கடனில் மூழ்கியிருந்தது. இவை ஏழை மக்களைத் தெருவுக்குக் கொணர்ந்த காரணங்களுட் சில. விளையாட்டிலோ இரகசியச் சங்கத்தார் தானியத்தைப் பதுக்கிப் புரட்சியைத் தூண்டுகின்றனர். இது ஒரு பாகத்தின் குறையன்று. வரிசை முழுவதற்கும் அடிப்படையான குறை. உலகின் பெருநிகழ்ச்சிகள் யாவும் மறைந்து வாழும் இரு கூட்டத்தாரின் போராட்டமே என்பது அதன் கதைச் சரடு. கதைக்கு அது சுவை. சரித்திர அறிவுக்கோ நஞ்சு. விளைச்சலும் வரியும் பசியும் எண்ணங்களும் இலட்சக்கணக்கான எளிய மக்களின் செயல்களுமே நாடுகளின் விதியை மாற்றுகின்றன என்பதை மறந்தவன், தன் காலத்து நிகழ்ச்சிகளிலும் மறைந்திருக்கும் சூழ்ச்சிக்காரரையே தேடுவான்.

அதே பாகத்திற் சிறப்பும் உண்டு. பாரிஸின் நோத்ர் தாம் பேராலயத்தைக் கரோலின் மியூஸ் என்னும் கலைஞர் நெடுங்காலம் உழைத்துக் கணனியில் உருவாக்கினார். கதை நிகழும் காலத்தில் அவ்வாலயத்தின் பழைய கூர்ங்கோபுரம் அகற்றப்பட்டிருந்தது. இன்று உலகறிந்த கோபுரம் பத்தொன்பதாம் நூற்றாண்டிலே வியொலே-லெ-டியூக் எழுப்பியது. ஆயினும், காண்போர் எதிர்பார்ப்பர் என்று அதனையும் வைத்தனர். 2019 ஏப்ரல் 15 ஆம் நாள் பேராலயம் தீப்பற்றி அக்கோபுரம் வீழ்ந்தபோது, நிறுவனம் 5 இலட்சம் யூரோ நன்கொடை வழங்கி, அவ்விளையாட்டையும் ஒரு வாரம் இலவசமாகக் கொடுத்தது. விளையாட்டின் மாதிரியைக் கொண்டே ஆலயத்தைத் திருத்துவர் என்று வதந்தி பரவிற்று. உண்மையில் திருத்த வேலைக்குத் துணைநின்றவை அன்ட்ரூ டலன் என்னும் கலை வரலாற்றறிஞர் முதலானோர் லேசர்க் கருவியால் எடுத்த நுண்ணிய அளவுகளே. 2024 டிசெம்பரில் ஆலயம் மீண்டும் திறக்கப்பட்டது. அழகிய தோற்றம் வேறு, சான்று வேறு என்பதற்கு இதனினும் தெளிவான உதாரணம் வேண்டா.

2016 இல் பெரும் பாகம் எதுவும் வெளிவரவில்லை. 2017 இல் எகிப்தைப் பற்றிய பாகம் புதுவடிவில் வந்தது. கிளியோபாத்ராவின் காலத்து அலெக்சாந்திரியாவும் நைல் நதிக்கரை ஊர்களும் பாலைவனமும் ஒரே பரப்பில் விரிந்தன. பழைய நகரங்களை ஓவியமாக மீட்டெடுப்பதில் வல்லவரான பிரெஞ்சு அறிஞர் ஜோன்-குளோட் கொல்வனின் படங்கள் துணைநின்றன. 2018 இல் பண்டைக் கிரேக்கமும், 2020 இல் வைக்கிங்குகள் குடியேறிய இங்கிலாந்தும் மேலும் பெரிதாகப் பரந்தன. கதையை முடிக்கவே பல பத்து மணி நேரம் வேண்டியதாயிற்று. விரிவு கூடியவிடத்துச் செறிவு குறைந்தது என்று பழைய இரசிகர் பலர் குறைப்பட்டனர்.

இக்காலத்திலே பிறந்த மற்றொன்றே இவ்வரிசையின் மிகச் சிறந்த விளைவு எனலாம். 2018 பெப்ரவரியில் எகிப்துப் பாகத்துக்கு 'டிஸ்கவரி டூர்' என்னும் தனி வடிவம் சேர்க்கப்பட்டது. அதில் போர் இல்லை, கொலை இல்லை. கூரிய வாள் ஒதுக்கப்பட்டு, அதே நகரங்களிலே 75 கல்விச் சுற்றுலாக்கள் அமைக்கப்பட்டன. பதப்படுத்திய உடல்கள், பிரமிட்டுகள், பாண் சுடுதல், உழவு என்பன விளக்கப்பட்டன. அதனினும் மேலானது, தாம் செய்த மாற்றங்களை ஆக்கியோர் தாமே எடுத்துரைத்தமை. விளையாட்டிலே ஆண்பிள்ளைகளோடு பெண்பிள்ளைகளும் பள்ளியில் இருந்து படிக்கின்றனர். அக்கால வழக்கு அதுவன்று, தாம் விரும்பியே அவ்வாறு அமைத்ததாக அங்கே குறிப்பிட்டுள்ளனர். இது கதை, இது சரித்திரம் என்று கோடு கிழிக்கும் இந்நேர்மையே கல்வியின் தொடக்கம்.

மொன்றியல் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த மார்க்-ஆந்திரே எத்தியே என்பவர் இச்சுற்றுலாவைப் பள்ளி மாணவரிடையே சோதித்துப் பார்த்தார். அதன் வழியாகக் கற்றோர் அறிவில் முன்னேறினர். ஆசிரியரிடம் நேரே பாடங்கேட்டோர் அவர்களினும் மேலாக முன்னேறினர். கருவியின் பயனும் அதன் எல்லையும் ஒருங்கே இதனால் விளங்கும்.

2023 இல் வரிசை மீண்டும் சிறிய வடிவுக்குத் திரும்பியது. ஒன்பதாம் நூற்றாண்டின் பாக்தாத் அதன் களம். கலீபா அல்-மன்சூர் 762 இல் அமைத்த வட்ட நகரத்தின் சுவடு இன்று மண்ணின் மேல் இல்லை. 1258 இல் மொங்கோலியர் பாக்தாதை அழித்தனர். பார்த்து வரையக் கட்டடமே இல்லாதவிடத்து, எழுத்துச் சான்றுகளையும் அறிஞர் கருத்துகளையும் கொண்டே அந்நகரம் அமைக்கப்பட்டது. அருங்காட்சியகப் பொருள்களின் படங்களோடு கூடிய குறிப்புகளும் விளையாட்டினுள்ளேயே வைக்கப்பட்டன. 2025 மார்ச்சில் வந்த ஜப்பான் பாகம், ஒடா நொபுனாகாவிடம் 1581 இல் சேவையில் அமர்ந்த ஆபிரிக்கரான யசூகேயை நாயகரில் ஒருவராக்கிப் பெரும் விவாதத்தை எழுப்பியது. ஆலயங்களைச் சேதப்படுத்தும் காட்சிகள் குறித்து அந்நாட்டுப் பாராளுமன்றத்திலும் வினா எழுந்தது. ஒரு நாட்டின் பழங்காலத்தைச் சித்திரிக்கும் உரிமை யாருக்கு என்னும் கேள்வி விளையாட்டு மேடையைக் கடந்துவிட்டது என்பதற்கு இது சான்று.

இவ்விளையாட்டுகளின் பெரும் பாகங்கள் வயது வந்தோர்க்கே என வரையறுக்கப்பட்டவை. சிறுவர் கையில் அவை அகப்படாதிருத்தல் வேண்டும். வளர்ந்த மாணவர் அவற்றை ஆடுவாராயின், வாளாவிருத்தலும் முற்றாகத் தடுத்தலும் ஆகிய இரண்டினும் மேலான வழி ஒன்றுண்டு. இதிலே மெய்யாக வாழ்ந்தவர் யார், படைக்கப்பட்டவர் யார்? எந்தக் கட்டடம் அன்று இருந்தது, எது பின்னர் எழுந்தது? சூழ்ச்சி என்று கதை கூறுமிடத்து மெய்யான காரணம் யாது? இம்மூன்று வினாக்களையும் பெற்றோரும் ஆசிரியரும் கேட்கட்டும். விடை தேடிப் புத்தகசாலைக்குச் செல்லும் மாணவனுக்கு அவ்விளையாட்டு நல்ல வாயிலாக அமையும். வாயிலையே வீடென்று கொண்டவனுக்கு உள்ளே இருப்பது ஒருகாலும் தெரியவராது.