மலை அசையாது என்பது உண்மையா?



ஒருவரை முழுமையாக நம்பிவிட்டால், "உன்னை மலைபோல் நம்பியிருக்கிறேன்" என்று சொல்கிறோம். மலை அசையாது, மாறாது என்ற எண்ணம் நமக்குள் அவ்வளவு ஆழமாகப் பதிந்திருக்கிறது. ஆனால், மலை பிறக்கிறது, உயர்கிறது, தேய்கிறது. அதைத்தான் இன்று சொல்ல வந்திருக்கிறேன். இது பள்ளிப் பாடத்தோடு முடிந்துபோகிற செய்தியன்று. மலையடிவாரத்தில் வீடு வாங்குகிற ஒவ்வொருவருக்கும் இது தேவை.

பூமியின் மேலோடு ஒரே துண்டாக இல்லை. பல பெரும் தட்டுகளாகப் பிரிந்திருக்கிறது. அவை ஆண்டுக்குச் சில சென்டிமீட்டர் நகர்கின்றன. ஏறத்தாழ நம் விரல் நகம் வளர்கிற வேகம்தான். இந்திய நிலப்பகுதி இப்படி நகர்ந்து, சுமார் 5 கோடி ஆண்டுகளுக்கு முன் ஆசியாவோடு மோதியது. இடையில் இருந்த கடலடிப் பாறைகள் மடிந்து மேலெழுந்தன. அதுவே இமயம். 8,849 மீட்டர் உயரமுள்ள எவரெஸ்ட்டின் உச்சிப் பாறையில் இன்றும் கடல் உயிரினங்களின் எச்சங்கள் இருக்கின்றன.

நம் நாட்டுக்கு வருவோம். தீபகற்ப மலேசியாவின் முதுகெலும்பாக நிற்பது தித்திவாங்சா மலைத்தொடர். 20 கோடி ஆண்டுகளுக்கும் முன்பு, இடையில் கடல் இருந்த இரண்டு நிலத்துண்டுகள் ஒன்றோடொன்று இணைந்தன. அந்தக் காலத்தில் பூமிக்கடியில் உருகிய பாறைக் குழம்பு, மேலே வராமல் உள்ளேயே மெல்ல ஆறிக் கருங்கல்லாக இறுகியது. பூமிக்கடியில் இறுகிய அந்தக் கல் இன்று எப்படி வெளியே தெரிகிறது? நிலம் உயர்ந்தது. மேலே மூடியிருந்த பாறைகளை மழையும் ஆறும் கரைத்துக்கொண்டு போய்விட்டன. அதே கருங்கல்லோடு உண்டான ஈயத்தாது, ஆற்றுமணலோடு கிந்தா பள்ளத்தாக்கில் வந்து படிந்தது. ஈப்போ வட்டாரத்தில் ஈயச் சுரங்கங்கள் தோன்றிய கதை அதுதான்.

தைப்பூசத்திற்கு 272 படிகள் ஏறுகிறோமே, அந்தப் பத்துமலை வேறு வகை. கடலடியில் படிந்து உருவான சுண்ணாம்புக்கல். மழைநீர் காற்றிலும் மண்ணிலும் உள்ள கரியமில வாயுவைச் சேர்த்துக்கொண்டு மென்மையான அமிலமாகிறது. அது விரிசல்களில் இறங்கி, கல்லைச் சிறுகச் சிறுகக் கரைக்கிறது. அப்படிக் கரைந்த இடமே குகை. துளி நீர் குடைந்த மண்டபத்தில்தான் நாம் முருகனை வணங்குகிறோம்.

சபாவின் கினபாலு மலையோ மிக இளையது. 4,095 மீட்டர் உயரமுள்ள அதன் கருங்கல் உருவாகி 70 முதல் 80 லட்சம் ஆண்டுகளே ஆகின்றன. பனியூழியில் அதன் உச்சி பனிக்கட்டியால் மூடப்பட்டிருந்தது. பனி இழைத்த வழவழப்பான பாறைகளை ஏறிச் செல்பவர்கள் இன்றும் காணலாம். அங்கே நிலம் இன்னும் ஓயவில்லை. 2015 ஜூன் 5ஆம் நாள் 6.0 அளவில் நிலநடுக்கம் ஏற்பட்டது. பாறைகள் உருண்டு 18 பேர் மாண்டனர். சிங்கப்பூரிலிருந்து சென்ற பள்ளி மாணவர்களும் அவர்களில் அடங்குவர்.

"எங்கள் வட்டாரத்தில் அவ்வளவு பெரிய நிலநடுக்கம் இல்லையே, பயம் எதற்கு?" என்று நீங்கள் கேட்கலாம். நமக்குப் பகையாவது மழை. வெப்பமும் ஈரமும் சேர்ந்த நம் மண்ணில் கருங்கல் வெகு ஆழம்வரை உளுத்துப்போகிறது. அதில் உள்ள கனிமங்களில் ஒரு பகுதி களிமண்ணாகிறது, மறு பகுதி மணலாக நிற்கிறது. பச்சைப்பசேல் என்று தெரிகிற நம் குன்றுகள் பலவற்றில், பல மீட்டர் ஆழத்திற்குச் செம்மண்ணும் இடையிடையே உருண்டைப் பாறைகளும்தான் இருக்கின்றன. தொடர்மழையில் நீர் உள்ளே இறங்கினால் மண்ணின் பாரம் கூடுகிறது, பிடிப்புக் குறைகிறது. மரவேர்களை அகற்றி, அடிவாரத்தையும் வெட்டிவிட்டால், அந்தச் சரிவைத் தாங்க என்ன மிச்சம் இருக்கிறது?

1993 டிசம்பர் 11ஆம் நாள் உலு கிளாங்கில் ஹைலண்ட் டவர்ஸ் கட்டடங்களில் ஒன்று சாய்ந்து 48 பேர் இறந்தனர். 2022 டிசம்பர் 16ஆம் நாள் அதிகாலையில், பத்தாங் காலியில் கூடாரங்களில் உறங்கிய 31 பேரை மண் மூடியது. இரண்டும் தித்திவாங்சாவின் சரிவுகள்தாம். இரண்டும் மழை மிகுந்த டிசம்பர் மாதத்தில்தான்.

மலைப்பகுதியில் வாழவே கூடாது என்று நான் சொல்லவில்லை. மலையை அறிந்து வாழுங்கள் என்கிறேன். வீடு வாங்கும்போது சமையலறையையும் கார் நிறுத்துமிடத்தையும் பார்க்கிறோம். பின்புறச் சரிவையும் ஒருமுறை பாருங்கள். தாங்குசுவர் புடைத்திருக்கிறதா? மரங்களும் மின்கம்பங்களும் சாய்ந்திருக்கின்றனவா? தரையில் புதிய விரிசல் உண்டா? அடிவாரத்தில் கலங்கிய நீர் கசிகிறதா? சுவரில் உள்ள துளைகள் நீர் வடிவதற்காக வைக்கப்பட்டவை. அழகுக்காக அவற்றைச் சிமெண்ட் பூசி அடைத்துவிடாதீர்கள். கால்வாயில் குப்பை சேரவிடாதீர்கள். அறிகுறி தெரிந்தால் ஊராட்சி மன்றத்திடம் உடனே புகார் செய்யுங்கள். கடும் மழை என்றால் அங்கிருந்து விலகிவிடுங்கள். பொருள் போனால் மீண்டும் வாங்கிக்கொள்ளலாம்.

நேயர்களே, மலை தேய்வது இயற்கை. அதற்குக் கோடி ஆண்டுகள் உண்டு. நாம் இயந்திரத்தைக் கொண்டுபோய் ஒரே மாதத்தில் வெட்டிவிட்டு, மலை நம்மைக் காக்கும் என்று நம்புவது எந்த வகையில் நியாயம்? மலைபோல் நம்புகிறவர்கள், முதலில் மலையைக் காக்க வேண்டும்.